ஓணாங்கரட்டு நரியின் சம்மதம்

ஓணாங்கரடு ஊராட்சித் தலைவர் அங்கமுத்து தன் அறுபது வருட வாழ்க்கையில் யாரிடமும் சம்மதம் கேட்டவரல்ல. பாவாயியைக் கட்டியபோது பாவாயியைக் கேட்கவில்லை. அவள் அப்பனைக் கேட்டார், அது போதுமென்று விட்டுவிட்டார். மகளுக்கு முதல் கல்யாணம் செய்தபோது மகளைக் கேட்கவில்லை. அது ஒரே வருடத்தில் முறிந்த பிறகும், இரண்டாவதற்காவது கேட்டுப் பார்ப்போம் என்று தோன்றவில்லை. தேர்தலில் ஜெயித்ததுகூட ஊரைக் கேட்டு அல்ல. எதிர்த்து நிற்க இருந்தவர் மூல வியாதியில் படுத்துவிட்டார், அவ்வளவுதான். அப்படிப்பட்ட மனிதர் இப்போது பொங்கலுக்குள் ஒரு நரியிடம் சம்மதம் வாங்கியாக வேண்டும்.

வாழப்பாடிப் பக்கம் பொங்கலென்றால் பானை பொங்கினால் மட்டும் போதாது. ஊரை ஒட்டிய கரட்டுக் குன்றில் வலை விரித்து, வங்காநரி என்னும் சின்னக் காட்டு நரி ஒன்றைப் பிடித்து, வாயைக் கட்டி, காலில் கயிறு போட்டு, மேளதாளத்தோடு மாரியம்மன் கோயிலைச் சுற்றி ஓட விடுவார்கள். ஊர் மொத்தமும் அதன் முகத்தைப் பார்த்துக் கன்னத்தில் போட்டுக்கொள்ளும். பிறகு அதைக் கரட்டிலேயே கொண்டுபோய் விட்டுவிடுவார்கள். நரி முகத்தில் விழித்தால் மழை உண்டு, விளைச்சல் உண்டு, பெண்ணுக்கு மாப்பிள்ளை உண்டு. நரிக்கு என்ன உண்டு என்று யாரும் கேட்கவில்லை. நரியைப் பரியாக்கியதாகக் கதை சொன்ன நாடு இது. நரியை நரியாக விட்டுவைக்கும் பழக்கம் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை.

பிறகு வனத்துறை வந்து வலையைப் பிடுங்கியது. ஊர் சில வருடம் அழுதது, சில வருடம் மண்ணில் நரி பொம்மை செய்து கயிறு கட்டி இழுத்தது. ஒரு பொங்கலில் பொம்மையின் தலை உருண்டு சாக்கடையில் விழுந்தது. அந்த வருடம் குச்சிக்கிழங்கு விலையும் விழவே, பொம்மையையும் நிறுத்திவிட்டார்கள். வலை விரித்து முப்பது வருடம் ஆகிவிட்டது. அதற்குப் பிறகு ஊரில் நடந்த கெட்டது எல்லாவற்றுக்கும் நரி முகத்தில் விழிக்காததே காரணம் என்றானது. கிணறு வற்றியதற்கும் அதுதான், பஸ் நின்றுபோனதற்கும் அதுதான்.

அப்புறம்தான் அந்தக் கருவி வந்தது. மிருகத்தின் மனதில் ஓடுவதைத் தமிழில் சொல்லும் பெட்டி. பெட்டி வந்த மறுவருடமே சட்டமும் வந்தது: காட்டு விலங்கை மனிதன் எதற்குப் பயன்படுத்தினாலும் அதன் சம்மதத்தைக் கேட்டாக வேண்டும். கோயில் யானைகளைக் கேட்டார்கள். பாதி யானைகள் மறுநாளே காட்டைப் பார்த்து நடந்தன. மீதி யானைகள் வெல்லம் எவ்வளவு தருவீர்கள் என்றன. ஜோசியக் கிளிகள் ஒன்று பாக்கியில்லாமல் பறந்துவிட்டன. தங்கள் எதிர்காலத்தை மட்டும் அவை சரியாகவே கணித்திருந்தன. காளைகளை யாராவது கேட்டார்களா என்றால், காளை வீட்டு விலங்கு, அது வேறு இலாகா.

சட்டத்தைப் படித்த நாள் அங்கமுத்து துள்ளிக் குதித்தார். சம்மதம் கேட்க வேண்டும் என்றால், கேட்டால் கிடைக்கும் என்றுதான் அவர் புரிந்துகொண்டார். 'நரி மீண்டும் ஓடும்' என்று சுவரெல்லாம் எழுதித் தலைவரானார். அதோடு விட்டிருந்தால் அடுத்த தேர்தல்வரை ஓட்டியிருக்கலாம். ஆத்தூரிலிருந்து பெரியண்ணன் என்பவர் பெண் கேட்டு வந்ததில்தான் சங்கடம் ஆரம்பித்தது.

பெரியண்ணன் குச்சிக்கிழங்கில் ஜவ்வரிசி செய்யும் இரண்டு சேகோ ஆலைக்குச் சொந்தக்காரர். சகுனம் பார்க்காமல் தும்மக்கூட மாட்டார். தம் மகனுக்கு அங்கமுத்துவின் மகள் முகிலினியை எடுத்துக்கொள்ளச் சம்மதம், முதல் கல்யாணம் முறிந்ததெல்லாம் பெரிய விஷயமில்லை, ஆனால் ஒன்று என்றார்.

"உங்க ஊர்ல நரி ஓடுதுன்னு எழுதிப் போட்டிருக்கீங்க. நாங்க குடும்பத்தோட வர்றோம். நரி முகத்துல முழிச்சுட்டு அந்தக் கையோட தாம்பூலம் மாத்திக்குவோம். நரி இல்லீன்னா தாம்பூலமும் இல்லீங்க."

"ஓடுமுங்க. ஜம்முனு ஓடும்" என்றார் அங்கமுத்து.

முகிலினி அப்போது வாசலில் ஸ்கூட்டரை நிறுத்திக்கொண்டிருந்தாள். வாழப்பாடியில் சூரிய மோட்டாரும் மருந்தடிக்கும் ட்ரோனும் பழுது பார்க்கும் கடை வைத்திருப்பவள். கையெல்லாம் கிரீஸ். பேச்சு அவள் காதில் விழுந்தது. கையைத் துணியில் துடைத்துக்கொண்டு உள்ளே போனாள். அவளை யாரும் ஒன்றும் கேட்கவில்லை.

பொங்கலுக்குச் சில நாள் முன்பு, சம்மதப் பெட்டியோடு வனத்துறை அதிகாரி வந்து ஜீப்பை விட்டு இறங்கினார். வரவேற்கச் சால்வையோடு நின்ற அங்கமுத்துவுக்கு முகம் வேப்பெண்ணெய் குடித்தது போல ஆனது. வந்தவன் கதிர்நிலவன். முகிலினியின் முதல் புருஷன்.

அந்தக் கல்யாணத்தில் இரண்டு பேருமே நல்ல பிள்ளைகள், சிக்கலே அதுதான். சண்டை போட்டிருந்தால் சமாதானம் செய்து வைத்திருக்கலாம். லாட்ஜில் ஒரே அறையில் தங்க நேர்ந்த இரண்டு பயணிகள் போல, 'நீங்க மொதல்ல குளிங்க' என்று ஒரு வருடம் உபசரித்துக்கொண்டு, அதே உபசரிப்போடு பிரிந்துபோனார்கள்.

"வணக்கங்க தலைவரே" என்றான் கதிர்நிலவன். முன்பு மாமா என்று கூப்பிட்ட வாய்.

அங்கமுத்துவுக்கு 'மாப்ளே' நாக்கு நுனி வரை வந்துவிட்டது. விழுங்கினார். சார் என்று சொல்ல மானம் இடம் கொடுக்கவில்லை. "வாங்க... ஆபீசர் தம்பி" என்று ஒருவழியாகச் சமாளித்தார்.

பாவாயிக்கு அந்தத் தொல்லையெல்லாம் இல்லை. "வா கண்ணு. இப்பிடி எளைச்சுப் போயிட்டியே. காப்பி போடட்டுமா?" என்று உள்ளே போய்விட்டாள்.

காப்பி குடித்தபடி கதிர்நிலவன் விதிகளைச் சொன்னான். மூன்று நாள் தொடர்ந்து, தினம் ஒரு தரம் கேட்க வேண்டும். மூன்றாம் நாள் பதில்தான் செல்லும். கேட்பவர் ஊர்த் தலைவராக இருக்க வேண்டும், ஆள் அனுப்பக் கூடாது. கேட்டு முடித்ததும் திரும்பி முதுகைக் காட்டி நிற்க வேண்டும். தான் சொல்லும்வரை திரும்பிப் பார்க்கக் கூடாது.

"முதுகு எதுக்குக் காட்டணும்?"

"நாம பாத்துக்கிட்டே நின்னா அது பயத்துல ஆமான்னு சொல்லுமுங்க. போறதுக்கு வழி இருக்கணும். வழி இருந்தும் போகாம நின்னாத்தான் சம்மதம். போயிருச்சுன்னா இல்லைன்னு அர்த்தம்."

"இந்தப் பொட்டி சொல்றது நெசமா இருக்குமா தம்பி? நரி தமிழ் பேசுமா?"

"நரி தமிழ் பேசாதுங்க. அதோட மனசுல ஓடற வாசனை, பயம், ஞாபகம் இதையெல்லாம் பொட்டி தமிழாக்கிச் சொல்லுது. நூத்துக்கு எழுவது சரியா இருக்கும்."

"மிச்சம்?"

"மிச்சத்த நாமளாப் புரிஞ்சுக்கணும். கல்யாணத்துல அந்த எழுவதும் கிடையாதுங்களே" என்றான் கதிர்நிலவன். சமையலறையில் பாவாயி சிரிப்பை அடக்குவது கேட்டது.

முதல் நாள் விடிந்ததும் கரட்டில் ஏறினார்கள். புதரோரம் வளைக்கு வெளியே ஒரு பெண் நரி வெயில் காய்ந்துகொண்டிருந்தது. சாம்பல் நிறம், பூனையைவிடக் கொஞ்சம் பெரிசு, வால் நுனி மட்டும் மையில் தோய்த்த மாதிரி. இவ்வளவு சிறிய ஜீவனையா ஊரே சேர்ந்து பிடித்தோம் என்று அங்கமுத்துவுக்கு ஒரு கணம் தோன்றியது. உடனே தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"ஓணாங்கரடு பொதுமக்கள் சார்பாகவும், மாரியம்மன் கோயில் விழாக் குழு சார்பாகவும், அன்பார்ந்த நரி அவர்களுக்கு..."

பெட்டி பேசியது. யாரோ செய்தி வாசிக்கும் அம்மாளின் குரலை அதற்குள் வைத்திருந்தார்கள். "சத்தம். புகையிலை வாசனை. செல்கிறேன்."

முதுகைக் காட்டக்கூட அவகாசம் கிடைக்கவில்லை.

இரண்டாம் நாள் அங்கமுத்து உரித்த நாட்டுக்கோழி ஒன்றைப் பைக்குள் மறைத்துக் கொண்டுபோனார். வளை அருகே வைத்துவிட்டு, கேட்க வேண்டியதைக் கேட்டுவிட்டு, பவ்வியமாகத் திரும்பி நின்றார்.

"கோழி வந்திருக்கிறது. மனிதனும் வந்திருக்கிறான். கோழி போதும்" என்றது பெட்டி. திரும்பிப் பார்த்தபோது நரியும் இல்லை, கோழியும் இல்லை.

"லஞ்சம் குடுக்கக் கூடாதுங்க தலைவரே."

"லஞ்சமா? படையல் தம்பி அது! அம்மனுக்கு வைக்கறதில்லையா?"

"அம்மன் ஆமான்னு சொல்லிச்சுங்களா?"

மூன்றாம் நாள் அங்கமுத்து வெறுங்கையோடு கரட்டில் ஏறினார். நேற்று மாலை பெரியண்ணன் போன் செய்து, சொந்தபந்தத்தோடு வேன் பிடித்துவிட்டதாகச் சொல்லியிருந்தார். வளைக்கு எதிரே ஒரு பாறையில் உட்கார்ந்தார். மேடைப் பேச்சு எதுவும் வாயில் வரவில்லை.

"இங்க பாரு. எனக்கு உன்னோட முகம் வேணும். ஒரு நாள். இல்லாட்டிப் போனா எம்பொண்ணு கல்யாணம் நின்னு போகும். ஊர்ல தல காட்ட முடியாது. ஓட வேண்டாம்னாலும் சரி, வந்து நின்னுட்டுப் போ."

நரி காதை நிமிர்த்தியது. அந்த நேரம் பார்த்துக் கீழே கோயிலடியில் யாரோ பொங்கலுக்காகப் பம்பை அடித்துப் பழக ஆரம்பித்தார்கள். நரியின் காது இரண்டும் பின்னால் படிந்தன. வயிற்றைத் தரையோடு ஒட்டிக்கொண்டு, தொண்டைக்குள் ஒரு மெல்லிய குரல் எழுப்பியது.

"வலை வருகிறது. வலை வருகிறது" என்றது பெட்டி.

அங்கமுத்து சுற்றுமுற்றும் பார்த்தார். "எங்க வலை? வலை விரிச்சு முப்பது வருசமாச்சு. உனக்கு வயசே நாலோ அஞ்சோதான் இருக்கும்."

"என் தாய் சொன்னாள். அவளுக்கு அவள் தாய் சொன்னாள். மேளம் கேட்டால் வலை. மேளம் ஓயும்வரை வளையை விட்டு வெளியே வரக் கூடாது. இரை கூடாது. தண்ணீர் கூடாது."

"நீ வலையக் கண்ணால பாத்திருக்கியா?"

"இல்லை. நீ அம்மனைப் பார்த்திருக்கிறாயா?"

கதிர்நிலவன் சட்டென்று வானத்தைப் பார்த்தான்.

அங்கமுத்துவின் அப்பன்தான் அந்தக் காலத்தில் ஊருக்கு வலைக்காரர். வலை தோளில் தொங்க அவர் கரட்டில் ஏறும்போது ஊர்ப் பிள்ளைகள் எல்லாம் விசிலடித்துக்கொண்டு பின்னால் ஓடும். பொங்கலென்றால் உலகமே சந்தோஷமாக இருக்கிறது என்றுதான் அங்கமுத்து இத்தனை நாள் நினைத்திருந்தார். கரட்டின் மேலே ஒரு கூட்டம், ஊர் கரும்பு கடிக்கும் நாளெல்லாம் தண்ணீர் குடிக்காமல் மண்ணுக்குள் படுத்திருந்தது என்று அவருக்குத் தெரியாது. வலை ஒழிந்து முப்பது வருடமாகியும் படுத்திருக்கிறது. அவருக்கு வருத்தமாக இருந்தது. ஒரு நரிக்காக வருத்தப்படுவதை ஆபீசர் பார்த்துவிடப் போகிறானே என்று வெட்கமாகவும் இருந்தது.

"நான் ஓட மாட்டேன்" என்றது பெட்டி. "கோயில் பின்னால் உள்ள பாறையில் வந்து உட்காருவேன். முகத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள். நீங்கள் ஓடுங்கள். வாயைக் கட்டிக்கொண்டு, காலில் கயிறோடு. என் வயிற்றில் குட்டிகள் இருக்கின்றன. வலைக் குரலை அவற்றுக்குக் கற்றுத்தர வேண்டுமா வேண்டாமா என்று நான் முடிவு செய்ய வேண்டும்."

"திரும்பிக்கங்க தலைவரே" என்றான் கதிர்நிலவன்.

திரும்பி நின்றார். முதுகு குறுகுறுத்தது. இத்தனை வருடத்தில் பதிலுக்காகக் காத்து நின்று அவருக்குப் பழக்கமே இல்லை. ஒவ்வொரு சருகுச் சத்தத்துக்கும் போய்விட்டது, போய்விட்டது என்று நெஞ்சு அடித்தது.

"இப்பப் பாக்கலாமுங்க."

நரி அங்கேயே உட்கார்ந்து பின்னங்காலால் காதைச் சொறிந்துகொண்டிருந்தது.

அன்று மாலை ஊர்க்கூட்டத்தில் ரகளையான ரகளை. "நரிக்கு நாட்டாமை குடுத்தா கிடைக்கு எட்டு ஆடு கேக்கும்னு சும்மாவா சொன்னாங்க?" என்று ஒருவர் துண்டை உதறித் தோளில் போட்டார். "நரி இடம் போனா என்ன வலம் போனா என்ன, நம்ம மேல விழுந்து புடுங்காம இருந்தாச் சரின்னு இருந்தோம். இப்பப் புடுங்குதே!" என்றார் இன்னொருவர். வாயைக் கட்டிக்கொண்டு ஓட மானமுள்ள எவனும் தயாராக இல்லை. விஷயத்தை எப்படிச் சொல்வது என்று தெரியாமல் அங்கமுத்து பெரியண்ணனுக்குப் போன் போட்டு, போனை ஒலிபெருக்கியில் வைத்தார்.

பெரியண்ணன் முழுவதையும் கேட்டுக்கொண்டார். பிறகு, "முகம் தெரியுமுங்களா?" என்றார்.

"தெரியுமுங்க. பாறை மேல உக்காருது."

"எதுர்ல முகம் பாத்தா இன்னும் விசேஷம். நான் ஓடறனுங்க. என் பையனும் ஓடுவான். நல்ல துண்டா எடுத்து வைங்க."

ஆத்தூர்க்காரன் ஓடுகிறேன் என்ற பிறகு ஓணாங்கரட்டுக்காரன் எப்படி ஓடாமல் இருப்பது? மானம் பார்த்தவர்கள் எல்லாம் மானத்துக்காகவே ஒப்புக்கொண்டார்கள். கயிற்றின் மறுமுனையை யார் பிடிப்பது என்று நரி சொல்லியிருக்கவில்லை. யாரும் கேட்பதற்கு முன்பே பெண்கள் நாங்கள் பிடிக்கிறோம் என்றார்கள். அந்தக் காலத்தில் நரி ஓட்டத்தில் பெண்கள் கோயில் வாசலுக்கு இந்தப் பக்கம் வரக் கூடாது என்று ஒரு கட்டுப்பாடு இருந்தது. அது யாருக்கும் நினைவு வரவில்லை, அல்லது நினைவு வந்தும் வாயைத் திறக்கவில்லை.

பொங்கலன்று காலை, மேளம் தொடங்கும் முன்பே பாறை மேல் நரி வந்து உட்கார்ந்துவிட்டது. ஊர் கையெடுத்துக் கும்பிட்டது. பெரியண்ணன் கண்ணில் நீர் தாரையாக வழிந்தது. பிறகு ஒவ்வொருவராகத் துண்டால் வாயைக் கட்டிக்கொண்டார்கள். அங்கமுத்துவின் இடது காலில் பாவாயி தாம்புக் கயிற்றை முடிந்தாள். இறுக்கமாகவே முடிந்தாள்.

ஓடினார்கள். ஊர்ப் பெரிய மனிதர்கள், கூட்டுறவுச் சங்கத் தலைவர், இரண்டு ஆலை முதலாளி, அவர் மகன், எல்லாரும் வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு மாரியம்மனைச் சுற்றி மூச்சிரைக்க ஓடினார்கள். பின்னால் கயிற்றோடு பெண்கள். பாதிச் சுற்றில் பாவாயி கயிற்றை ஒரு சுண்டு சுண்டினாள். தேவையே இல்லை. அங்கமுத்து தடுமாறித் திரும்பிப் பார்த்தார். அவள் முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

கோயில் மதிலோரம் முகிலினி நின்றிருந்தாள், நேற்றுப் போட்ட சட்டையோடு. பட்டுப்புடவை கட்டச் சொல்லியிருந்தாரே! அதட்ட வாயெடுத்தார். துண்டுக்குள் வெறும் ம்ம்ம் என்று வந்தது. கண்ணால் ஜாடை காட்டினார். அடுத்த சுற்றில் மாப்பிள்ளைப் பையன் அவளைக் கடந்து ஓடியபோது அவள் மதிலோடு மதிலாக ஒட்டிக்கொண்டதைப் பார்த்தார். இதை எங்கேயோ பார்த்திருக்கிறோமே என்று தோன்றியது. பாறைப் பக்கம் திரும்பும்போது நினைவு வந்துவிட்டது. பம்பைச் சத்தம் கேட்டு நரி வயிற்றைத் தரையோடு ஒட்டிக்கொண்டது இப்படித்தான்.

வீட்டில் கல்யாண மேளம் கேட்டதும் அவள் எத்தனை தரம் இப்படி ஒட்டிக்கொண்டாளோ. வாய் மட்டும் கட்டப்படாமல் இருந்திருந்தால் அங்கமுத்து அப்போதும் எதையாவது சொல்லி அதை மறந்திருப்பார். துண்டு இருந்ததால் நினைத்துக்கொண்டே ஓட வேண்டியதாயிற்று.

ஓட்டம் முடிந்ததும் துண்டை அவிழ்த்து, பாறையடியில் வைத்திருந்த பெட்டியிடம் போனார். "ஓடிட்டோம். குட்டிகளுக்கு அந்தக் குரலச் சொல்லிக் குடுக்க மாட்டதான?"

நரி கொட்டாவி விட்டது. "யோசித்துச் சொல்கிறேன்" என்றது பெட்டி. நரி இறங்கிப் புதருக்குள் போய்விட்டது.

பெரியண்ணன் மனம் குளிர்ந்துபோயிருந்தார். நரி தம்மையே பார்த்ததாக வீடு வரும்வரை சொல்லிக்கொண்டு வந்தார். கூடத்தில் பாய் விரித்து, தாம்பூலத் தட்டில் வெற்றிலை பாக்கு, மஞ்சள், பூ எல்லாம் தயார். விடைபெற வந்த கதிர்நிலவனும் காப்பி டம்ளரோடு வாசலோரம் நின்றான்.

"எடுங்க சம்பந்தி, தட்ட" என்றார் பெரியண்ணன்.

அங்கமுத்து தட்டை எடுத்தார். எடுத்தவர் கீழே வைத்துவிட்டார்.

"ஒரு நிமிசங்க." மகள் பக்கம் திரும்பினார். அறுபது வருடமாக வராத வார்த்தை. "கண்ணு... இந்த எடம்... உனக்குச் சம்மதமா?"

நரி ஆங்கிலத்தில் பேசிவிட்டது போல முகிலினி அவரைப் பார்த்தாள்.

அங்கமுத்து வாசல் கதவை முழுக்கத் திறந்து வைத்தார். பிறகு எல்லாருக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு, சுவரில் மாட்டியிருந்த காலண்டரைப் பார்த்தபடி நின்றார்.

"என்னங்க இது கூத்து?" என்றார் பெரியண்ணன்.

ஸ்கூட்டர் சாவியின் சத்தம் கேட்டது. வாசலில் செருப்புச் சத்தம். பிறகு ஸ்கூட்டர் கிளம்பித் தெருமுனை திரும்பும் சத்தம். அங்கமுத்து திரும்பவில்லை.

"திரும்பிக்கலாமுங்க... மாமா" என்றான் கதிர்நிலவன்.

முகிலினி நின்ற இடம் காலியாக இருந்தது. அங்கமுத்து பெரியண்ணனைப் பார்த்துக் கைகூப்பினார். "பொண்ணு சம்மதிக்கலீங்க."

"அதெப்பிடி? மூணு நாள் கேக்கணும்னுதான சட்டம்? நாளைக்கும் நாளான்னிக்கும் கேளுங்க! மூணாம் நாள் பதில்தான் செல்லும்!"

"அது நரிக்குங்க. நரி எனக்கு யாரோ. இது எம்பொண்ணு. ஒரு தடவ போனாலே எனக்கு வெளங்கணும்."

வேன் போன பிறகு தெருவே கூடி நின்று பேசியது. தலைவருக்கு நரி முகத்தில் விழித்த பலன் அன்றைக்கே கைமேல் கிடைத்துவிட்டது என்றார்கள். அங்கமுத்துவின் போனில் மகள் செய்தி அனுப்பியிருந்தாள்: 'கடையில இருக்கேன்ப்பா. பொழுது சாய சாப்பிட வருவேன். கதவு தொறந்தே இருக்கட்டும்.' அவர் அதை வாசித்து, கண்ணாடியைத் துடைத்து, மறுபடி வாசித்தார்.

பாவாயி கூடத்தில் பாயைச் சுருட்டிக்கொண்டிருந்தாள். சுருட்டியதைச் சுவரில் சாய்த்துவிட்டு இடுப்பில் கை வைத்து நின்றாள்.

"நரியக் கேட்டாச்சு. பொண்ணக் கேட்டாச்சு."

"ஆமா, அதுக்கென்ன?"

"இந்த வீட்ல இன்னும் ஒருத்தி இருக்கறா. முப்பத்தஞ்சு வருசமா."

அங்கமுத்து சிரிக்கப் பார்த்தார். அவள் சிரிக்கவில்லை. தாம்புக் கயிற்றின் தடம் இன்னும் அவர் காலில் சிவந்திருந்தது.

"ஏம்மா, இந்த வயசுலயா?"

"நரியக் கேட்டப்ப வயசு பாத்தீங்களா?"

அவர் வேட்டியைச் சரி செய்துகொண்டார். வாசல் கதவு திறந்துதான் இருந்தது. இருந்தாலும் அதன் கீழே கல்லை நகர்த்தி வைத்து நன்றாக முட்டுக் கொடுத்தார். "பாவாயி" என்றார். அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு எத்தனை வருடமாயிற்றோ, அது வேறு யாருடைய பெயரோ போலிருந்தது. "என்னோட... என்னோட இருக்கறதுக்கு உனக்குச் சம்மதமா?"

கேட்டுவிட்டுத் திரும்பி நின்றார்.

காலண்டரில் அம்மன் சிரித்தாள். சமையலறையில் ஒரு பாத்திரம் உருண்டது. பிறகு அதுவும் இல்லை. கரட்டில் நரியிடம் கேட்டு நின்றபோது இவ்வளவு பயமில்லை. நரி போயிருந்தால் ஒரு கல்யாணம் போயிருக்கும், ஒரு தேர்தல் போயிருக்கும். இங்கே போனால் என்ன போகும் என்று அவர் கணக்கிடக்கூட முயலவில்லை. திரும்பிப் பார்க்கலாம் என்று சொல்ல ஆபீசரும் இல்லை, ஜீப் எப்போதோ போய்விட்டது. கால் வலித்தது. அப்படியே நின்றார்.

வெகு நேரம் கழித்து முதுகுக்குப் பின்னால் குரல் வந்தது. எங்கிருந்து வந்தது, கூடத்திலிருந்தா, வாசற்படியிலிருந்தா என்று அவருக்குப் பிடிபடவில்லை.

"யோசிச்சுச் சொல்றேன். இன்னும் ரெண்டு நாள் கேக்கணுமில்ல? அதுவரைக்கும் கதவைச் சாத்தாதீங்க."